கொம்பு முளைத்த வெள்ளிக்கிழமை

நாகூர் மீரான் ஏணியில் ஏறிக்கொண்டிருந்தபோது ரத்தம் எதிரே இறங்கி வந்துகொண்டிருந்தது.

தாராவியில் மாடி என்றால் மாடிப்படி கிடையாது. சுவரோடு சாய்த்து அறைந்த இரும்பு ஏணி, பிடித்துக்கொள்ள மேலே கட்டிய ஒரு கயிறு, அவ்வளவுதான். கயிற்றைப் பிடித்த மீரானின் உள்ளங்கை பிசுபிசுத்தது.

"அக்கா, ஏணி வழுக்குது. பாத்து ஏறுங்க. நீங்க விழுந்தா கீழ நிக்கவனுக்கு இன்சூரன்ஸ் கெடையாது."

"வாய மூடிக்கிட்டு ஏறுல," என்றாள் ஜெபசெல்வி.

இருபது வருடம் இன்சூரன்ஸ் கம்பெனிகளுக்காகப் பொய்க் காயங்களையும் பொய்த் தீ விபத்துகளையும் துப்புத் துலக்கியவள். இப்போது செம்பூரில் ஒரு ஜெராக்ஸ் கடைக்கு மேலே சொந்தமாகத் துப்பறியும் அலுவலகம் வைத்திருக்கிறாள். அங்கே சம்பளம் வாங்கும் ஒரே ஆள் மீரான். அதற்கு முன் சயான் ரோட்டோரத்தில் பெல்ட் விற்றவன்.

இருவரும் மேலே ஏறிப் போனார்கள்.

பை தைக்கும் பட்டறை அது. எட்டு மோட்டார் மிஷின்கள். மூலையில் தோல் வெட்டும் பலகைக்குக் கீழே வயதான சிவனாண்டி மல்லாந்து கிடந்தார். நாற்பது வருடமாகத் தோல் வெட்டிய அவருடைய கத்தரிக்கோல் அவர் கழுத்திலேயே கைப்பிடி வரை இறங்கியிருந்தது. முதல் மிஷினில் ஊசி ஒடிந்திருந்தது. அந்த மிஷினின் பலகை முழுக்கச் சிவப்பு. தரையெல்லாம் லட்டு உருண்டு கிடந்தது.

"நாங்க ஏழு பேரும் டீ குடிக்கக் கீழ எறங்கினோம்," என்றாள் சண்முகவடிவு. இந்தப் பட்டறையில் தைப்பவள், ஜெபசெல்விக்குப் போன் போட்டவளும் அவள்தான். "கால் மணி நேரம். அதுக்குள்ள ஒருத்தன் மூஞ்சில துணியக் கட்டிக்கிட்டு வந்திருக்கான். சிவனாண்டி அண்ணனக் குத்திட்டான். பட்டறை நடத்துற சங்கரேஸ்வரி அக்கா கையப் பிடிச்சு மிஷினுக்கு அடியில வச்சு..."

ஜெபசெல்வி தரையைக் காட்டினாள்.

"லட்டு யாரு கொண்டு வந்தது?"

"முத்து அண்ணன். கம்பெனி யூனிகார்ன் ஆயிட்டுன்னு எங்களுக்கு வாங்கிட்டு வந்தாவ. அவங்கதான் அக்காவ இந்த நெலமையில பாத்து, தோள்ல தூக்கிப் போட்டுக்கிட்டு ஆஸ்பத்திரிக்கு ஓடினாவ."

முத்துசெல்வத்தைத் தெரியாதவர்கள் தாராவியில் கிடையாது. ஆறு வருடத்துக்கு முன்னால் அவனும் மாட்டுங்காவைச் சேர்ந்த சுதனும் சேர்ந்து 'நூல்வண்டி' என்ற கம்பெனியை இதே பட்டறையின் பரணில்தான் ஆரம்பித்தார்கள். சின்னச் சின்னப் பட்டறைகளின் சரக்கைப் பேட்டரி வண்டிகளில் ஏற்றிப்போய்க் கொடுக்கும் கம்பெனி. இன்று செம்பூரில் ஆறு மாடி ஆபீஸ்.

ஜெபசெல்வி குனிந்து பார்த்தாள். தோல் ஒட்டும் பசை டின் கவிழ்ந்து கிடந்தது. 'சொல்யூஷன்' என்பார்கள். வாசல் சட்டத்தில், தப்பி ஓடியவன் தலை இடித்த இடத்தில் பசையோடு ஒரு கொத்து முடி பிய்ந்து ஒட்டியிருந்தது.

"மீரான், சொல்யூஷன் தலையில கொட்டினா எப்படிப் போவும்?"

"போவாது அக்கா. மண்ணெண்ணெய் போட்டாலும் சிக்கு பிடிக்கும். எங்க வாப்பா தலையில ஒரு தடவ கொட்டி, கடைசியில மொட்ட அடிச்சுத்தான்..." பாதியில் நிறுத்தினான். "அக்கா!"

"ம். மொதல்ல ஆஸ்பத்திரி. அப்புறம் சலூன்."

சயான் ஆஸ்பத்திரியில் சங்கரேஸ்வரியை ஆபரேஷனுக்குத் தள்ளிக்கொண்டு போகும் வழியில்தான் பிடிக்க முடிந்தது. ஐம்பத்தெட்டு வயது. வலது கையில் பெரிய துணிப் பந்து, அதன் முனையில் ஈரம் ஊறிக்கொண்டே இருந்தது. மயக்க மருந்து கொடுக்க வந்த டாக்டர் இரண்டு நிமிடம் அனுமதித்தார்.

"ஒரு பேப்பர நீட்டினான்," என்றாள். குரல் ஆச்சரியமாகத் தெளிவாக இருந்தது. "என் நூல்வண்டிப் பங்கெல்லாத்தையும் தானமா எழுதிக் குடுக்கேன்னு இருந்திச்சு. யாருக்குன்னு பேரு இல்ல. கையெழுத்துப் போடுன்னான். மாட்டேன்னேன். ஒரு வெரல். மறுபடி கேட்டான். மாட்டேன்னேன். மூணு தடவ மாட்டேன்னேன்."

மீரான் துணிப் பந்திலிருந்து பார்வையை எடுத்துக்கொண்டான்.

"ஏன்மா? போட்டுக் குடுத்திருக்கலாமே?"

"அது என் கூடத் தைக்கிற ஏழு புள்ளைகளுக்கு. பரணுக்கு வாடகை குடுக்க முடியாம முத்துவும் சுதனும் குடுத்த பங்கு. நான் எதுக்கு எவனுக்கோ எழுதணும்? அப்பத்தான் சிவனாண்டி அண்ணன் பின்னாலருந்து அவனக் கட்டிப் பிடிச்சாரு. அவரக் குத்தினான். நான் இடது கையால சொல்யூஷன் டின்ன எடுத்து அவன் மண்டையில கவுத்தேன்."

"வேற ஏதாவது சொன்னானாம்மா?"

"ஆச காட்டினான். 'ஒன் பங்கு ஒண்ணு இன்னைக்கு நாப்பத்தி ரெண்டாயிரத்து ஐந்நூறு போவுது கெழவி, ஒனக்கும் பாதி தாரேன்'னான்."

கதவு மூடியது.

வராந்தாவில் முத்துசெல்வம் சுவரில் தலையை முட்டிக்கொண்டு நின்றான். சட்டை முழுக்க அவள் ரத்தம். "எங்க பெரியம்மா அக்கா அது," என்று ஜெபசெல்வியின் கையைப் பிடித்துக்கொண்டு அழுதான். "எவன்னு மட்டும் சொல்லுங்க. மிச்சத்த நான் பாத்துக்கிடுதேன்." ரத்தம் வேண்டும் என்று நர்ஸ் வந்து சொன்னதும் சட்டைக் கையை மடித்துக்கொண்டு முதல் ஆளாகப் போனான்.

"இப்படி ஒருத்தன் நமக்கு இல்லையே அக்கா," என்றான் மீரான். "எனக்கு ஆபரேஷன்னா எங்க வீட்ல பில்லு எவ்வளவுன்னுதான் மொதல்ல கேப்பாங்க."

ஜெபசெல்வி அதற்குள் நூல்வண்டியின் கம்பெனி செயலாளருக்குப் போன் போட்டு ஸ்பீக்கரில் வைத்திருந்தாள். அஸ்ரின் என்ற பெண். செம்பூர் ஆபீஸிலிருந்து பேசினாள். நடந்ததைக் கேட்டதும் அவள் குரல் உடைந்தது.

"யா அல்லாஹ்... இன்னைக்குப் போயா? காலையில் பதினோரு மணிக்குத்தானே யூனிகார்ன் ஆனோம்."

"அது என்னம்மா, குதிரைக்குக் கொம்பு மொளைக்கிற கணக்கு?" என்று மீரான் குனிந்து கேட்டான்.

"சிம்பிள் பாய். புதுக் கம்பெனியா இருக்கணும். பங்குச் சந்தையில் போகாம, சொந்த ஆளுங்க கையிலேயே இருக்கணும். மதிப்பு நூறு கோடி டாலரைத் தொடணும். மூணும் இருந்தா யூனிகார்ன்."

"நூறு கோடி டாலரும் ஆபீஸ் பீரோவுலயா இருக்கு?"

"அரே, எங்க இருக்கு? புதுசா பணம் போடறவர் கொஞ்சம் பங்குதான் வாங்குவார். ஒரு பங்குக்கு அவர் என்ன விலை குடுத்தாரோ, அதால எல்லாப் பங்கையும் பெருக்கணும். வர்றதுதான் மதிப்பு."

"அதாவது ஒருத்தன் ஆசப்பட்டு ஒரு மாம்பழத்த ஆயிரம் ரூவாய்க்கு வாங்கிட்டா, தோப்புல தொங்குற பழத்துக்கெல்லாம் ஆயிரம் ரூவா."

"பிலகுல் அதேதான்."

"பங்கு என்ன வெலைக்குப் போச்சு?" என்றாள் ஜெபசெல்வி.

"சொல்லக் கூடாது மேடம். நாங்க மார்க்கெட்ல இல்ல, டிவியில விலை ஓடாது. யூனிகார்ன் ஆயாச்சுன்னு மட்டும்தான் வெளியே சொல்லியிருக்கோம். விலை, அந்த ரூம்ல இருந்தவங்களுக்கு மட்டும்தான் தெரியும்."

"சங்கரேஸ்வரிம்மா பங்குக்கு மொத்தம் என்ன வருது? அதையாவது சொல்லு. போலீஸ் கேக்கும்."

அஸ்ரின் குரலைத் தாழ்த்தினாள். "அவங்களுக்கு முப்பதாயிரம் பங்கு. நூத்தி இருபத்தொன்பது கோடியே முப்பது லட்சம்."

மீரான் விசிலடிக்கப் போய், ஆஸ்பத்திரி என்று ஞாபகம் வந்து வாயை மூடிக்கொண்டான். நூற்றெண்பது சதுர அடி வீட்டில் குடியிருக்கும் பெண். ஜெபசெல்வி உள்ளங்கையில் பேனாவால் ஏதோ கணக்குப் போட்டாள். இரண்டு முறை போட்டாள். பிறகு கையை மூடிக்கொண்டாள்.

"ரூம்ல யார் யாரும்மா?"

"சுதன் சார், முத்து சார், நான். பணம் போடறவங்க வீடியோவில்."

மூன்றாவது சலூனில் துப்புக் கிடைத்தது.

"மொட்டையா? ஒருத்தன் வந்தான்," என்றார் நாற்காலியைத் துடைத்துக்கொண்டிருந்த சலூன்காரர். "துண்ட இறுக்கிக் கட்டிட்டு வந்தான். திருச்செந்தூருக்கு வேண்டுதலாம். முழுசா மழிச்சு முடிச்சு மீசைக்குக் கத்தியக் கொண்டு போறேன், கையத் தட்டி விடுதான். வேண்டுதல் மொட்டைக்கு மீசைய வச்சிக்கிட்டுப் போறவன இப்பத்தான் பாக்கேன்."

"முருகன் தலையோட விட்டுட்டாரு போல," என்றான் மீரான். "ஆளத் தெரியுமா?"

"தெரியாம? சொரிமுத்து. மாஹிம் பக்கம் தோல் குடோன்ல மூட்ட தூக்குறவன்."

குடோனில் உப்புத் தடவிய பச்சைத் தோல்கள் ஆள் உயரத்துக்கு அடுக்கியிருந்தன. நாற்றம் கண்ணைக் கரித்தது. இரண்டு அடுக்குகளுக்கு நடுவே, உட்கார்ந்த வாக்கில், பளபளவென்று ஒரு மொட்டைத் தலை.

"முடியோட முடிஞ்சு போவட்டும், உயிரு வரைக்கும் வேண்டாம்யா," என்று மீரான் நல்ல மாதிரிதான் ஆரம்பித்தான்.

மொட்டை எழுந்தது. எழுந்துகொண்டே இருந்தது. ஆறடிக்கு மேல். கையில் தோல் சீவும் கத்தி.

முதல் வீச்சில் மீரானின் இடது முன்கை மணிக்கட்டிலிருந்து முழங்கை வரை திறந்துகொண்டது. வலி வருவதற்கு முன்னால் சூடுதான் தெரிந்தது. இரண்டாவது வீச்சுக்குத் தலையைத் தாழ்த்தினான், காதோரம் காற்று போனது. சொரிமுத்து அவன் கழுத்தைப் பிடித்துத் தோல் அடுக்கின் மேல் அறைந்தான். மூச்சுக்குழல் நெரிந்து கண்ணில் பூச்சி பறந்தது. உதைத்தான். மரத்தை உதைத்த மாதிரி இருந்தது.

அப்போது சொரிமுத்துவின் முகத்தில் வெள்ளையாக ஏதோ வெடித்தது. ஜெபசெல்வி இரண்டு கையாலும் கல் உப்பை அள்ளி அவன் கண்ணில் அறைந்திருந்தாள். புதிதாக மழித்த மண்டையின் கீறல்களெல்லாம் ஒரே நேரத்தில் எரிந்திருக்க வேண்டும், அவன் அலறிய அலறலில் தகரக் கூரை அதிர்ந்தது. அடுத்த நொடி தராசுப் பக்கம் கிடந்த பத்துக் கிலோ எடைக்கல்லைத் தூக்கி அவன் முழங்காலில் போட்டாள். எலும்பு முறியும் சத்தம் மீரானுக்குத் தெளிவாகக் கேட்டது.

"அக்கா," என்று இருமினான், "இந்த எடைக்கல்ல... கொஞ்சம் முன்னாடியே பாத்திருக்கக் கூடாதா?"

அவள் துப்பட்டாவைக் கிழித்து அவன் கையில் இறுக்கிக் கட்டினாள். பிறகு சொரிமுத்துவின் இடுப்பிலிருந்து மடித்த காகிதத்தை உருவினாள். ரத்தத் துளி தெறித்த தானப் பத்திரம். கையெழுத்து இல்லை. வாங்குகிறவர் பெயர் இல்லை.

"தேதியப் பாத்தியா மீரான்?"

"போன மாசம் பன்னெண்டு."

"இன்னைக்குக் கையெழுத்து வாங்கிட்டு எதுக்குப் போன மாசத் தேதி? அந்த அம்மா உயிரோட இருந்தா, போன மாசம் நான் எழுதலயேன்னு சொல்லிரும்." பத்திரத்தை மடித்தாள். "சொல்லுறதுக்கு அது இருக்கப் போறதில்லன்னு முடிவு பண்ணித்தான் தேதியே போட்டிருக்கான்."



அதற்குள் சலூனிலிருந்து செய்தி பரவி வாசலில் கூட்டம் சேர்ந்துவிட்டது. நாற்பது பேர் இருக்கும், நூல்வண்டியில் சரக்கு ஏற்றுபவர்கள். அவர்களைப் பிளந்துகொண்டு முத்துசெல்வம் வந்தான். ரத்தம் கொடுத்த இடத்தில் பஞ்சு இன்னும் ஒட்டியிருந்தது.

"இவனா?" என்று கேட்டவன் பதிலுக்கு நிற்கவில்லை. சொரிமுத்துவின் விலாவில் உதைத்தான். "சொல்லுல. யாரு அனுப்பினா? சுதனா? சுதன்தானே?"

சொரிமுத்து உப்புக் கண்ணைச் சிமிட்டி அவனைப் பார்த்தான். "ஆமா," என்றான். "சுதன் சாருதான்."

முத்துசெல்வத்தின் அடுத்த உதை தாடையில் விழுந்தது. அதற்கடுத்ததும் அங்கேயே. மூன்றாவதில் பற்கள் உப்பின் மேல் சிதறின, தாடை ஒரு பக்கமாகத் தொங்கியது. மீரானும் இன்னும் இரண்டு பேரும் சேர்ந்து இழுக்க வேண்டியிருந்தது. இனி ஒரு வார்த்தை பேச அந்த வாயால் ஆகாது.

கூட்டம் கொதித்தது. "எங்க அம்மா கைய ஒடிச்சவன் மாட்டுங்காவுல ஏசியில படுத்திருக்கானா?" யாரோ டெம்போவை ஸ்டார்ட் செய்தார்கள். இரும்புக் குழாய்கள் கைமாறின.

"ஒன் வண்டியில மொதல்ல போயிருவோம்," என்றாள் ஜெபசெல்வி முத்துசெல்வத்திடம். "கூட்டம் வாரதுக்கு முன்னால அவன நான் ஒரு கேள்வி கேக்கணும்."

காரில் மீரான் முன் சீட்டில் உட்கார்ந்து கையை மார்போடு அணைத்துக்கொண்டான். மழை. சுதனின் போன் அணைத்து வைக்கப்பட்டிருந்தது. சொரிமுத்துவைக் கட்டிப்போட்டு இரண்டு பேரைக் காவல் வைத்துவிட்டு வந்திருந்தார்கள். போலீஸுக்குச் சொல்லியாயிற்று, வருகிறோம் என்றார்கள். முத்துசெல்வம் சிக்னலைப் பார்க்காமல் ஓட்டினான்.

"கையெழுத்து முடிஞ்சதும் நீ நேரா லட்டுக் கடைக்குத்தானே போன?" என்று பின் சீட்டிலிருந்து ஜெபசெல்வி முத்துசெல்வத்தைக் கேட்டாள்.

"முடியுறதுக்கு முன்னாலயே அக்கா. என் பக்கத்துல எல்லாம் கையெழுத்துப் போட்டுக் குடுத்துட்டு எறங்கிட்டேன். பெரியம்மாட்ட நான்தான் மொதல்ல சொல்லணும்னு ஆச." ஹாரனை அழுத்தினான். "நூத்தி இருபத்தேழரைக் கோடிக்குச் சொந்தக்காரி அக்கா அவ. மிஷின்ல வெரலக் குடுத்துட்டுக் கெடக்கா."

கோடிகளில் இருப்பவர்களுக்கு இரண்டு கோடி முன்னே பின்னே இருந்தால் தெரியாதுபோல என்று மீரான் நினைத்துக்கொண்டான்.

மாட்டுங்கா பிளாட்டில், மூன்றாவது மாடியில், சுதன் தூங்கி எழுந்த முகத்தோடு கதவைத் திறந்தான். இரண்டு ராத்திரி தூங்காமல் காகிதம் தயாரித்தவன். "முத்து? வாடா, என்ன சட்டையெல்லாம்..." என்றான். அவ்வளவுதான் சொல்ல முடிந்தது.

முத்துசெல்வம் ஹாலில் இருந்த பித்தளைக் குத்துவிளக்கைத் தூக்கி அவன் தோளில் இறக்கினான். சுதன் சரிந்தான். இரண்டாவது அடி விலாவில். மூன்றாவது அடி மண்டைக்கு வந்தபோது மீரான் நல்ல கையால் விளக்கின் தண்டைப் பிடித்துத் தொங்கினான்.

"முத்து!" ஜெபசெல்வியின் குரல் அறையை நிறுத்தியது. "ஒரே கேள்வி. அப்புறம் நீ அடி. சுதன் தம்பி, சங்கரேஸ்வரிம்மா பங்குக்கு என்ன மதிப்பு வருது?"

சுதன் வாயிலிருந்து ரத்தத்தைத் துப்பினான். "அம்மாவுக்கு என்ன ஆச்சு? நூத்தி இருபத்தொன்பது... முப்பது லட்சம். ஏன்?"

"ஒரு பங்கு நாப்பத்தி மூவாயிரத்து நூறு. சரியா?"

"ஆமா. உங்களுக்கு எப்படி..."

"முத்து, நீ கார்ல என்ன சொன்ன?"

முத்துசெல்வம் மூச்சு வாங்க நின்றான். "நூத்தி இருபத்தேழரை. இப்ப அதுவா முக்கியம்?"

"அதுதான் முக்கியம். அப்படின்னா ஒரு பங்கு நாப்பத்தி ரெண்டாயிரத்து ஐந்நூறு. அந்த மொட்டப்பய பெரியம்மாட்டச் சொன்ன அதே ரேட்டு." சுதன் பக்கம் திரும்பினாள். "தம்பி, காலையில வெல மாறிச்சா?"

"மாறிச்சு," என்றான் சுதன், தரையிலிருந்து. "பத்து மணிக்குப் பணம் போடறவங்க சொன்ன விலை நாப்பத்திரெண்டு ஐந்நூறு. மொத்தம் இருபது லட்சம் பங்கு. பெருக்கினா எட்டாயிரத்து ஐந்நூறு கோடி. டாலர் எண்பத்தாறு ரூபாய்னு வகுத்தா, நூறு கோடி டாலருக்குக் கொஞ்சம் குறைஞ்சது. ஒரு பத்துப் பன்னிரண்டு மில்லியன். இவ்வளவு தூரம் வந்துட்டுக் கொம்பு முளைக்காம போகணுமான்னு கெஞ்சினேன். பத்தரைக்கு மேல அறுநூறு ரூபாய் ஏத்தினாங்க. அப்பத்தான் யூனிகார்ன் ஆனோம்."

"அப்ப முத்து எங்க?"

"அவன் பத்து இருபதுக்கே கையெழுத்துப் போட்டுட்டுப் போயிட்டான். விலை எழுதற இடம் காலியாத்தான் இருந்தது, எங்களுக்குள்ள என்ன..."

"உங்க போனெல்லாம்?"

"கதவுகிட்டக் கூடையில. ரகசியம்னு வாங்கி வச்சிருந்தோம். பதினொண்ணுக்குத்தான் நானும் அஸ்ரினும் எடுத்தோம்."

மீரானுக்கு இப்போதுதான் உறைத்தது. வாய் தானாகவே திறந்தது. "நீங்களோ அந்தப் பொண்ணோ ஆளனுப்பியிருந்தா, போன் கைக்கு வந்தப்ப ஒங்களுக்குப் புது வெல தெரியும். பழைய வெலைய மட்டும் காதுல வாங்கிட்டு, போனோட வெளிய போனது ஒரே ஆளு."

முத்துசெல்வம் விளக்கைக் கீழே விட்டான், கை சட்டைக்குள் போனது. குடோனில் தரையில் கிடந்த அந்தத் தோல் கத்தி. எப்போது எடுத்தான் என்று யாரும் பார்க்கவில்லை. ஒரே எட்டில் சுதனின் முடியைப் பிடித்துத் தலையைப் பின்னால் இழுத்து, கழுத்தில் கத்தியை வைத்தான். தோல் கீறி ஒரு சிவப்புக் கோடு விழுந்தது.

"நாலு நிமிஷத்துல டெம்போ வந்துரும்," என்றான். குரலில் அழுகை அடியோடு போயிருந்தது. "கூட்டம் அடிச்சுக் கொன்னுட்டுன்னு போவும். நீங்க ரெண்டு பேரும் வாயத் தெறக்காம இருந்தா..."

"எதுக்குடா?" என்றான் சுதன், கழுத்தை அசைக்க முடியாமல். "பத்து பர்சென்ட் விஷயமா? அதுக்கா?"

"ஒனக்கு 'அதுக்கா'வா?" கத்தியை இன்னும் அழுத்தினான். "பத்துக்குக் கீழ போனா போர்டுல நாற்காலி கெடையாதுன்னு எழுதினது யாரு? புதுப் பணம் வந்ததும் நான் ஒம்பது புள்ளி ஒண்ணு. கம்பெனிக்குக் கொம்பு மொளைச்ச அன்னைக்கே முத்துசெல்வம் வெளிய. பெரியம்மாட்டப் போன மாசம் கேட்டேன். ஒண்ணரை பர்சென்ட். குடுத்தா நான் உள்ள. 'அது புள்ளைகளுக்கு'ன்னா. என்னப் புள்ளன்னு சொன்னவதானே அவ!"

கடைசி வார்த்தையில் அவன் கண் ஒரு கணம் சுதனை விட்டு விலகியது. மீரானுக்கு அது போதும். குத்துவிளக்கைத் தரையிலிருந்து மேல்வாக்கில் வீசினான். முத்துசெல்வத்தின் மணிக்கட்டு முறிந்தது. கத்தி சுதனின் தாடையைக் கிழித்துக்கொண்டு பறந்தது. ஜெபசெல்வி கையிலிருந்த குடையின் கைப்பிடியை முத்துசெல்வத்தின் கழுத்தில் கொக்கி போட்டு இழுத்து, முகத்தைச் சுவரில் மோதினாள். ஒரு முறை. எழ முயன்றான். இன்னொரு முறை.

கொடியில் கிடந்த சுதனின் வேட்டியால் முத்துசெல்வத்தின் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டிருந்தபோது கீழே டெம்போக்கள் நின்றன. செருப்புச் சத்தம் படியேறியது.

ஜெபசெல்வி அவனை வாசலுக்கு இழுத்துவந்து சுவரோரம் உட்காரவைத்தாள். படியின் உச்சியில் போய் நின்றாள். நாற்பது பேர், இரும்புக் குழாய்கள், மழையில் நனைந்த முகங்கள்.

"சுதன் இல்ல," என்றாள். "ஆளனுப்பினது முத்து. அவன் வாயாலயே சொல்லிட்டான்."

யாரும் நம்பவில்லை. ஒருவன் அவளைத் தள்ளப் பார்த்தான். பிறகு முன்னால் நின்றவர்களின் பார்வை அவளைத் தாண்டிப் போய், சுவரோரம் கட்டுண்டு கிடந்தவன் மேல் விழுந்தது. அவன் "பொய்" என்று கத்தவில்லை. ஒருவர் முகத்தையும் பார்க்கவில்லை.

அதன் பிறகு எழுந்த சத்தம் மனிதர்களுடையது மாதிரி இல்லை.

முதல் குழாய் ஜெபசெல்வியின் தோளில் விழுந்தது. அவள் நகரவில்லை. அடுத்தது அவள் நெற்றியை உரசி, புருவம் பிளந்தது. மீரான் அவள் பக்கத்தில் போய் இடத்தை அடைத்துக்கொண்டு நின்றான். கட்டுப்போட்ட கையில் யாரோ அடித்தார்கள். உலகம் ஒரு முறை இருண்டு திரும்பி வந்தது.

"அக்கா, இவனக் காப்பாத்தவா அடி வாங்குதோம்?"

"ஆமாலே. பேசாம வாங்கு. இவன் கோர்ட்டுல நின்னு பேசணும்."

"வழிய விடுங்க."

பெண் குரல். படியில் ஒவ்வொருவராக ஒதுங்கினார்கள். சண்முகவடிவு ஏறி வந்தாள். ஆஸ்பத்திரியிலிருந்து ஆட்டோவில் வந்திருந்தாள், கீழே படியிலேயே யாரோ விஷயத்தைச் சொல்லியிருக்க வேண்டும். ஜெபசெல்வி அவளை மட்டும் தடுக்கவில்லை.

அவள் முத்துசெல்வத்தின் முன்னால் போய்க் குந்தினாள். செருப்பைக் கழற்றப் போகிறாள் என்று எல்லாரும் காத்திருந்தார்கள்.

"மூணு வெரலையும் எடுத்துட்டாவ," என்றாள் மெதுவாக. "இப்பத்தான் அக்கா கண்ணு முழிச்சா. வேற எதையும் கேக்கல. 'முத்து காலையிலருந்து அலையுதானே, சாப்பிட்டானா'ன்னு கேட்டா."

முத்துசெல்வத்தின் தலை இன்னும் தாழ்ந்தது.

"பாத்துட்டு வாரேன்னு சொல்லிட்டு வந்திருக்கேன். திரும்பிப் போயி நான் என்ன சொல்லணும்?"

கீழே போலீஸ் ஜீப் வந்து நின்றது. படியில் நின்றவர்கள் ஒருவரும் திரும்பிப் பார்க்கவில்லை.

சண்முகவடிவு அவன் தாடையைப் பிடித்து முகத்தைத் தன் பக்கம் நிமிர்த்தினாள்.

"சொல்லு," என்றாள்.